தீயணைப்பு வீரர்களின் நடன விழா: ஒரு குறுந்தகட்டைப் பார்த்தபின்

மிலோஷ் ஃபோர்மன் 1967இல் செக்கோஸ்லோவாகியாவில் எடுத்த இந்தப் படம், ஒன்றேகால் மணி நேரத்துக்கும் குறைவாகவே ஓடினாலும், சிற்றூர் அதிகாரத்தின் அசட்டுத்தனத்தை மிச்சமின்றிக் காட்டிவிடுகிறது. விர்க்லாபி என்னும் ஊரில், உண்மையான தீயணைப்பு வீரர்களையே நடிக்க வைத்துப் படமாக்கியிருக்கிறார்கள்.

விழாவுக்கென வைத்த குலுக்கல் பரிசுகள் ஒவ்வொன்றாகக் களவு போகின்றன. திருடியவர்கள் திருப்பி வைக்கட்டும் என்று குழுவினர் விளக்கை அணைக்க, மனைவி எடுத்த இறைச்சியைத் திருப்பி வைக்கப்போன ஒரு வீரர் மட்டும் அகப்படுகிறார். திருட்டைவிட, அதைத் திருப்பித் தந்து படையின் மானத்தை வாங்கியதே பெருங்குற்றம் என்று சக வீரர்கள் அவர்மேல் பாய்கிறார்கள். வீடு எரிந்துகொண்டிருக்கும் முதியவருக்குக் குளிருகிறது என்று, அவருடைய நாற்காலியை நெருப்புக்கு அருகே நகர்த்தும் காட்சியில் நான் சிரித்தேன், உடனே கூசினேன்.

அழகிப் போட்டிக் காட்சிகள் சற்று நீள்கின்றன. வசன வரிகள் வேகமாக ஓடுவதால், தொலைக்காட்சியின் அருகில் அமர்ந்து பார்ப்பது நல்லது. சோவியத் படையெடுப்புக்குப் பின்வந்த அரசு இதைத் தடை செய்தது என்பதை அறிந்து பார்த்தால், இறுதியில் தீயணைப்புப் படையின் மூத்த முன்னாள் தலைவர் தமக்குத் தந்த பரிசு என்று திறக்கும் வெற்றுப் பெட்டி இன்னும் கனக்கிறது.