படம் 'ஏ', பக்கத்து சீட்டில் ஆறு வயது

எங்கள் ஊர் பஸ் ஸ்டாண்ட் பக்கத்துத் தியேட்டரில் (பெயர் வேண்டாம்) ஞாயிறு இரவுக் காட்சி பார்த்தோம். திரை, சீட், ஏசி எல்லாம் சரி, பாப்கார்ன்கூட சூடாகத்தான் இருந்தது, ஒலி மட்டும் கொஞ்சம் அதிகம், அரிவாள் இறங்கும் சத்தம் நம் பிடரியிலேயே விழுகிறது.

பிரச்சினை அதில்லை. படம் 'ஏ' சான்றிதழ், அதாவது 18 வயதுக்குக் கீழே யாரையும் உள்ளே விடக் கூடாது, பெற்றோர் கூட வந்தாலும்தான். என் பக்கத்து சீட்டில் ஆறு வயதுப் பையன்! முதல் தலை விழுந்ததும் அம்மாவின் துப்பட்டாவை இழுத்து முகத்தை மூடிக்கொண்டான், இடைவேளைக்கு அப்புறம் அதை எடுத்துவிட்டு, கூட்டம் விசிலடித்தபோது அவனும் கைதட்டினான். எனக்கு அதுதான் வயிற்றைப் பிசைந்தது.

2023 சினிமா சட்டத் திருத்தத்துக்குப் பிறகு யுஏ சான்றிதழையே 7, 13, 16 வயது என்று பிரித்திருக்கிறார்கள், அது பெற்றோர் முடிவு செய்வதற்கு. வாசலில் தடுத்தே ஆக வேண்டியது 'ஏ' படத்துக்குத்தான், அதையும் செய்யாவிட்டால் எப்படி? மேனேஜரிடம் கேட்டேன். "ஃபேமிலியா வர்றாங்க சார், திருப்பி அனுப்பினா சண்டைக்கு வர்றாங்க" என்றார்.

பார்க்கிங் 40 ரூபாய். அந்த டோக்கனை மட்டும் இரண்டு தடவை வாங்கிப் பார்த்தார்கள்.