குறும்படத்துக்குப் பின்னணி இசை: வாங்குவதா, கணினியில் அமைப்பதா, வாசிக்கவைப்பதா?

சிங்கப்பூரில் 15 நிமிடத் தமிழ்க் குறும்படம் எடுப்பவருக்குப் பின்னணி இசைக்கு மூன்று வழிகள் உண்டு. இணையத்தில் ஆயத்த இசையை வாங்கலாம். சாம்பிள்களை, அதாவது முன்பே பதிவுசெய்து வைத்த வாத்திய ஒலிகளைக் கொண்டு முழுவதையும் கணினியிலேயே அமைக்கலாம். கலைஞரை அழைத்து வாசிக்கவைக்கலாம்.

ஆயத்த இசை மலிவு, உடனே கிடைக்கும். ஆனால் அது காட்சிக்கு வளைந்து கொடுக்காது. இசைக்கேற்பக் காட்சியை வெட்ட வேண்டிவரும். யூடியூபுக்கு மட்டும் தரப்பட்ட உரிமம் திரைப்பட விழாவுக்குச் செல்லாது. பழைய சினிமாப் பாட்டைச் சேர்க்க ஆசைப்பட்டால் பாடலுக்கு ஓர் அனுமதி, அந்த ஒலிப்பதிவுக்கு இன்னோர் அனுமதி. திரையிடும் அரங்கம், பொது இடங்களில் இசை ஒலிக்க உரிமம் வழங்கும் காம்பஸ் அமைப்பிடம் உரிமம் பெற்றிருப்பது இதற்கு ஈடாகாது.

பியானோ, வயலின் கூட்டம், தாழ்ந்த ரீங்காரம் ஆகியவற்றுக்குச் சாம்பிள் தாராளமாகப் போதும். இயக்குநர் மறுபடி வெட்டினாலும் டெம்போவை (இசையின் வேகத்தை) மாற்றிச் சமாளிக்கலாம். சறுக்குவது கமகத்தில், அதாவது சுரத்தை அசைத்து வாசிக்கும் நுட்பத்தில்தான். சாம்பிளில் ஒவ்வொரு சுரமும் தனித்தனியே பதிவானது. தோடி ராகத்தின் காந்தார சுரமோ ஓரிடத்தில் நிற்பதில்லை, ரிஷபத்துக்கும் மத்தியமத்துக்கும் இடையே அசைகிறது. கணினியில் சுருதியை ஏற்றி இறக்கும் பிட்ச் பெண்டால் வளைத்தால் சுருதி மட்டும் நகரும். வில்லின் அழுத்தமும் மூச்சும் கூடவே மாறாது. கர்நாடக இசை கேட்டுப் பழகிய காது இதை உடனே பிடித்துவிடும்.

ஆகவே நாங்கள் பரிந்துரைப்பது கலவை: அடியில் சாம்பிள், மேலே உண்மையாக வாசிக்கப்பட்ட ஒரே ஒரு வாத்தியம். குழல், வயலின், வீணை வாசிப்பவர்களை சிஃபாஸ் (சிங்கப்பூர் இந்திய நுண்கலைக் கழகம்) போன்ற கலைப்பள்ளிகளின் வட்டத்தில் தேடலாம். மெட்டு எழுதும் முன்பே சுருதியைக் கேட்டுக்கொள்ளுங்கள். குழல் ஒவ்வொன்றும் ஒரு சுருதிக்கென்றே செய்யப்பட்டது. சுருதியைக் கட்டைக் கணக்கில் சொல்வார்கள்; 5 கட்டை என்றால் மேற்கத்திய முறையில் ஜி. ஈ ஃபிளாட்டில் எழுதி வைத்துவிட்டு 5 கட்டைக் குழலில் வாசிக்கச் சொன்னால், பாதித் துளை மூடும் சுரங்களில் வாசிப்பு தடுமாறும். மிருதங்கமானால் இந்த ஊர் ஈரப்பதத்தில் தோல் தளரும். டேக்குக்கு டேக் சுருதி பார்த்தே ஆக வேண்டும்.

வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டில் பதிவு செய்வதானால் ஞாயிற்றுக்கிழமை நல்லது, அன்று புதுப்பிப்பு வேலைக்கு அனுமதி இல்லை. ஏர்கானையும் மின்விசிறியையும் நிறுத்துங்கள். துணி நிறைந்த அலமாரியைத் திறந்துவைத்து, கலைஞரை அதற்கு முதுகு காட்டி உட்காரவைத்தால் எதிரொலி குறையும். தாளம் தவறாமலிருக்க ஒலிக்கும் 'டிக் டிக்' சத்தமான கிளிக் டிராக்கை மூடிய வகை ஹெட்போனில் கொடுங்கள். இல்லாவிட்டால் மெல்லிய இடங்களில் அந்த 'டிக் டிக்' மைக்கில் ஏறிவிடும். பிறகு சுத்தமாக நீக்குவது பெரும்பாடு.

எந்த வழியானாலும், படம் விநாடிக்கு 23.976 ஃபிரேமா 24 ஃபிரேமா என்று எடிட்டரிடம் முதலிலேயே கேளுங்கள். தவறாக எடுத்துக்கொண்டு முழுப்படத்துக்கும் ஒரே கோப்பாக இசை அமைத்தால், 15 நிமிட முடிவில் சுமார் 0.9 விநாடி விலகி நிற்கும். கோப்புகளை 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில், வாத்தியவாரியாகத் தனித்தனி ஒலிக்கோப்புகளாக (ஸ்டெம்களாக) ஒப்படையுங்கள். அப்போது வசனத்தோடு மோதும் குழலின் ஒலியளவை மட்டும் ஒலிக்கலவையில் குறைக்கலாம், மற்ற வாத்தியங்களைத் தொட வேண்டியதில்லை.