எட்டு பென்ஸ் மிச்சம்: ஜாய்ஸா, எட்னா ஓ'பிரையனா?

நண்பர்கள் சிலர் மாதம் ஒரு சிறுகதையை எடுத்துக்கொண்டு கூடிப் பேசுகிறோம். இந்த மாதம் அயர்லாந்தின் முறை. விடலைப் பருவத்து மயக்கமும் அது கலைவதும் பற்றிய கதையாக இருக்கட்டும் என்று முடிவானது. தேர்ந்தெடுக்கும் வேலை என் தலையில் விழுந்தது. கடைசியில் இரண்டு கதைகள் நின்றன. ஒன்று ஜேம்ஸ் ஜாய்ஸின் 'அராபி', இன்னொன்று எட்னா ஓ'பிரையனின் 'ஐரிஷ் ரெவல்'. நான் 'அராபி'யை எடுத்தேன். ஜாய்ஸ் பெரிய பெயர் என்பதற்காக அல்ல. பெரிய பெயர் என்பதாலேயே அதை முதலில் கொஞ்சம் தள்ளித்தான் வைத்திருந்தேன். இரண்டு கதைகளின் முடிவையும் கீழே போட்டு உடைத்திருக்கிறேன். படிக்காதவர்கள் படித்துவிட்டு வருவது நல்லது. 'அராபி'க்கு அரை மணி நேரம்கூட ஆகாது.

அடிப்படை விவரங்களைச் சீக்கிரம் முடித்துவிடலாம். 'அராபி' 1905இல் எழுதப்பட்டது. பதிப்பாளர்கள் ஒப்புக்கொள்வதும் பின்வாங்குவதுமாக இழுத்தடித்து, 1914இல்தான் 'டப்ளினர்ஸ்' தொகுப்பின் மூன்றாவது கதையாக வெளிவந்தது. 'ஐரிஷ் ரெவல்' 1968இல் வந்த 'தி லவ் ஆப்ஜெக்ட்' தொகுப்பில் இருக்கிறது. முதலாவது டப்ளின் நகரத்துப் பையன் 'நான்' என்று சொல்லும் கதை. இரண்டாவது மலைப்புறத்துப் பண்ணையில் வளர்ந்த பதினேழு வயதுப் பெண்ணின் கதை. இரண்டுமே ஒரே ஒரு மாலைப்பொழுதை நம்பிப் புறப்பட்டு ஏமாந்து திரும்பும் கதைகள். நடை இரண்டிலும் அருமை. இதற்கு மேல் சொன்னால் பாடப்புத்தகம் ஆகிவிடும்.

ஒரு சின்ன விஷயம் மட்டும். இரண்டு கதைகளிலும் ஆரம்பத்திலேயே ஒரு சைக்கிள் பம்பு வருகிறது. 'அராபி'யில் அது வீட்டின் பின்புறத் தோட்டத்தில் புதருக்கடியில் துருப்பிடித்துக் கிடக்கிறது. அந்த வீட்டில் முன்பு குடியிருந்து இறந்துபோன பாதிரியார் ஒருவருடையது. ஓ'பிரையனின் கதையிலோ அது முதல் வரிகளிலேயே படுத்தி எடுக்கிறது. மேரி முதன்முதலாக ஒரு விருந்துக்குச் சைக்கிளில் போகிறாள். முன்சக்கர டயர் இற்றுப் போயிருக்கிறது, ட்யூபில் காற்று மெல்ல இறங்குகிறது. வழியில் இரண்டு முறை நிறுத்திக் காற்றடிக்க வேண்டியிருக்கிறது. பம்பின் இணைப்புக் குழாயைக் காணோம். கைக்குட்டையின் முனையை வைத்து அழுத்திப் பிடித்துக்கொண்டுதான் அடிக்க முடியும். ஜாய்ஸின் பம்புக்கு எந்த அர்த்தம் வேண்டுமானாலும் சொல்லலாம். மேரியின் பம்புக்கு அந்தச் சௌகரியம் இல்லை, காற்று இறங்கினால் அவள் நடக்க வேண்டியதுதான். வாசித்த பத்தாவது வரியில் இந்தப் பெண்ணின் வாழ்க்கை முழுவதும் கைக்கு வந்துவிடுகிறது. அடுப்பெரிக்கும் கரிமண்ணைச் சுமப்பது, கொட்டில் கழுவுவது, கோழி, பன்றி, வெண்ணெய் கடைவது, சின்னக் குழந்தைகளைப் பார்த்துக்கொள்வது. அப்பாவும் அண்ணன்களும் காட்டிலாகா வேலைக்குப் போய்விட, ஆண்கள் செய்யும் வேலையும் அவள் தலையில்.

ஓ'பிரையன் ஜாய்ஸைக் கரைத்துக் குடித்தவர். டப்ளினில் மருந்துக்கடை வேலையில் இருந்த இளவயதில், கவிஞர் டி.எஸ். எலியட் தொகுத்த ஜாய்ஸ் அறிமுக நூல் ஒன்றை நான்கு பென்ஸுக்கு வாங்கினார். அதுதான் தன்னை எழுத்துக்கு இழுத்தது என்று பலமுறை சொல்லியிருக்கிறார். 1999இல் ஜாய்ஸின் வாழ்க்கையையே சிறு நூலாக எழுதினார். எனவே இந்த இரண்டு கதைகளையும் எதிரெதிரே நிறுத்துவது நானாகச் செய்யும் வம்பு அல்ல. 'ஐரிஷ் ரெவல்' முடியும் இடத்தில் அயர்லாந்து முழுவதும் உறைபனி படிந்திருக்கிறது. ஜாய்ஸின் 'தி டெட்' கதையில் அயர்லாந்து முழுவதும் வெண்பனி பொழிவது நினைவிருப்பவர்களுக்கு அது யாரிடம் பேசுகிறது என்று சொல்ல வேண்டியதில்லை.

சரி, இவ்வளவு பிடித்தும் ஏன் 'ஐரிஷ் ரெவல்' இல்லை?

எனக்கு இந்த வகைக் கதையில் ஒரே ஒரு கேள்விதான் முக்கியம்: கனவை உடைப்பது யார்? மேரியின் விஷயத்தில் பதில் தெளிவு. இரண்டு வருடம் முன்பு அந்த ஊர் ஓட்டலில் தங்கி, அவளைப் படம் வரைந்து கொடுத்துவிட்டுப் போன ஜான் ரோலண்ட் என்ற ஆங்கிலேய ஓவியர் விருந்துக்கு வந்திருப்பார் என்று அவள் நம்பிப் போகிறாள். அவர் வரவில்லை. ஓட்டல்காரி ரோஜர்ஸ் அம்மாள் அவளை அழைத்ததே பரிமாறவும் கூடமாட வேலை செய்யவும்தான். ஊர்ப் பெண்கள் இருவர் அவளை ஏளனமாகப் பார்க்கிறார்கள். குடித்துவிட்டு ஓ'டூல் என்பவன் அவளை மடக்கப் பார்க்கிறான். ஆக, உடைத்தவர்கள் பெயர், முகவரியோடு நிற்கிறார்கள். முதல் வாசிப்பில் வயிறு எரிகிறது. ஆனால் இரண்டாம் முறை படிக்கும்போது ரோஜர்ஸ் அம்மாளின் அழைப்பு வந்த இடத்திலேயே எனக்குக் கோபம் வந்துவிட்டது. அதற்குப் பிறகு கதை என் கோபத்தை நிரூபித்துக்கொண்டே போகிறது, அவ்வளவுதான். மேரியின் மேல் இரக்கம் கூடுகிறதே தவிர, அவளைப் பற்றிப் புதிதாக எதுவும் பிடிபடவில்லை.

'அராபி'யில் குற்றவாளியைத் தேடிப் பாருங்கள். பையன் நார்த் ரிச்மண்ட் தெருவில் மாமா, அத்தையோடு இருக்கிறான். எதிர்வீட்டு நண்பன் மாங்கனின் அக்காவை ஜன்னல் திரையை ஓர் அங்குலம் விட்டு இறக்கிவைத்து அதன் இடுக்கு வழியே பார்க்கிறான். அவள் பெயர் கடைசிவரை வருவதில்லை. சனிக்கிழமை மாலை அத்தையோடு கடைத்தெருவுக்குப் போய் மூட்டை சுமக்கிறான். குடிகாரர்களும் பேரம் பேசும் பெண்களும் பன்றிக் கன்ன இறைச்சிப் பீப்பாய்க்குக் காவல் நின்று கத்தும் கடைப்பையன்களும் இடித்துத் தள்ளும் அந்தக் கூட்டத்தில், தான் ஒரு புனிதக் கிண்ணத்தைப் பகைவர் நடுவே சிந்தாமல் ஏந்திப் போவதாக நினைத்துக்கொள்கிறான். ஒருநாள் அவளே பேசுகிறாள். 'அராபி' சந்தைக்குப் போகிறாயா என்று கேட்கிறாள். வெள்ளி வளையலை மணிக்கட்டில் சுற்றிக்கொண்டே, தன்னால் போக முடியாது, அந்த வாரம் கான்வென்டில் தியான நாட்கள் என்கிறாள். போனால் ஏதாவது வாங்கி வருகிறேன் என்கிறான் பையன். அவர்களுக்குள் நடந்த பேச்சு மொத்தமும் இதுதான்.

இந்தச் சந்தை கற்பனை அல்ல. ஜெர்விஸ் தெரு மருத்துவமனைக்கு நிதி திரட்ட 1894 மே மாதம் டப்ளினின் பால்ஸ்பிரிட்ஜில் 'அராபி' என்ற பெயரிலேயே ஒரு கீழைத்தேயக் கண்காட்சி நடந்தது. ஜாய்ஸுக்கு அப்போது 12 வயது. நார்த் ரிச்மண்ட் தெருவிலும் அவர் குடும்பம் சில காலம் குடியிருந்தது. நிஜச் சந்தை நடந்தது மே மாதத்தில். கதையிலோ குளிர்காற்று இரக்கமில்லாமல் அடிக்கிறது. பையனுக்கு வேண்டிய வானிலையை ஜாய்ஸ் தானே ஏற்பாடு செய்துகொண்டார்.

அந்தச் சனிக்கிழமை இரவு மாமா தாமதமாக வருகிறார், குடித்திருக்கிறார், சந்தையைச் சுத்தமாக மறந்துவிட்டார். மணி ஒன்பது. இங்கே வில்லனைக் கொண்டுவர ஜாய்ஸுக்கு எல்லா வசதியும் இருந்தது. அவர் செய்யவில்லை. காசைக் கொடுத்து அனுப்புங்கள், இவ்வளவு நேரம் காக்க வைத்தது போதாதா என்று அத்தையே பையனுக்காகப் பரிந்து பேசுகிறாள். மாமா வருத்தம் தெரிவிக்கிறார். காசும் கொடுக்கிறார், தாராளமாகவே. ஒரு ஃப்ளோரின், அதாவது இரண்டு ஷில்லிங், 24 பென்ஸ்.

இந்தக் காசைப் பின்தொடர்வதுதான் என்னைப் பொறுத்தவரை கதையைப் படிக்கும் வழி. ஆளில்லாத ரயிலில் மூன்றாம் வகுப்புப் பெட்டியில் ஏறுகிறான். இறங்கும்போது பத்து மணிக்குப் பத்து நிமிடம். ஆறு பென்ஸ் நுழைவாயிலைத் தேடுகிறான், கண்ணில் படவில்லை. சந்தை மூடிவிடுமோ என்ற பதற்றத்தில் பக்கத்திலிருந்த வாயிலில் ஒரு ஷில்லிங்கை நீட்டி உள்ளே போகிறான். கதை ரயில் கட்டணத்தைச் சொல்வதில்லை. கடைசியில் அவன் பையில் ஓர் ஆறு பென்ஸ் நாணயமும் இரண்டு பென்னியும் இருப்பதைச் சொல்கிறது. 24இல் நுழைவுக்கு 12 போனது, மிச்சம் 8. ஆக ரயிலுக்கு 4. அவசரப்படாமல் சின்ன வாயிலைக் கண்டுபிடித்திருந்தால் கையில் 14 இருந்திருக்கும். அவசரம் அவனுடையது. அந்த ஆறு பென்ஸை அவனிடமிருந்து யாரும் பிடுங்கவில்லை.

இப்போது கடை. பெரும்பாலான கடைகள் மூடியாகிவிட்டன. பீங்கான் ஜாடிகளும் பூப்போட்ட தேநீர்க் கோப்பைகளும் வைத்த ஒரு கடைக்குப் போகிறான். விற்கும் பெண் இரண்டு இளைஞர்களோடு ஆங்கிலேய உச்சரிப்பில் சிரித்துப் பேசிக்கொண்டிருக்கிறாள். நான் அப்படிச் சொல்லவே இல்லை, சொன்னாய், இல்லை, பொய் என்று ஒன்றுமில்லாத வாக்குவாதம். பையனைக் கண்டதும் வந்து ஏதாவது வேண்டுமா என்று கேட்கிறாள். குரலில் ஆர்வம் இல்லை, ஆனால் மரியாதைக் குறைவும் இல்லை. வேண்டாம், நன்றி என்கிறான். அவள் திரும்பிப் போய்ப் பழைய பேச்சைத் தொடர்கிறாள். பொருள்களைப் பார்ப்பதுபோல் இன்னும் கொஞ்ச நேரம் நிற்கிறான், நிற்பதில் பிரயோஜனம் இல்லை என்று தெரிந்தே. பிறகு நடக்கிறான், பைக்குள் இரண்டு பென்னிகளும் ஆறு பென்ஸ் நாணயத்தின் மேல் விழுகின்றன. விளக்கு அணைகிறது. இருட்டை அண்ணாந்து பார்த்தபடி, தன்னை வீண் பெருமை ஆட்டிவைத்த ஓர் உயிராகக் காண்கிறான். கண்கள் வேதனையிலும் கோபத்திலும் எரிகின்றன.

எட்டு பென்ஸுக்கு அந்தக் கடையில் ஒன்றும் கிடைத்திருக்காது என்று சொல்பவர்கள் உண்டு. இருக்கலாம். ஆனால் அவன் விலையே கேட்கவில்லை. காசு போதாமல் கனவு உடைந்திருந்தால் இது ஓர் ஏழைப் பையனின் கதை, பரிதாபம் என்று சொல்லி மூடிவிடலாம். காசு பையில் கிலுங்கிக்கொண்டே இருக்கும்போது உடைகிறது. அவனை உடைத்தது அந்த வெட்டிப் பேச்சு என்று நினைக்கிறேன். சொன்னாய், சொல்லவில்லை என்று சிரித்துக்கொள்ளும் அந்த மூவருக்கும், வளையலைச் சுற்றியபடி தன்னோடு பேசிய பெண்ணுக்கும் வித்தியாசம் அதிகமில்லை என்று அவனுக்கு உறைத்துவிட்டது. அவள் பொழுதுபோகப் பேசினாள். புனிதக் கிண்ணம் ஏந்தியது இவன் மட்டும்தான். இரண்டாம் வாசிப்பில் யார் மேலும் கோபப்பட முடியாமல் தவிக்கிறோம். மாமா மேல் கொஞ்சம் படலாம், ஆனால் அது கதையின் முடிவுவரை தாங்காது. நானோ ஒவ்வொரு முறையும் வளையல் காட்சிக்குத் திரும்பிப் போகிறேன். அங்கேயே எல்லாம் தெரிந்துதான் இருந்தது.

இன்னொரு அயர்லாந்து எழுத்தாளரான ஃப்ராங்க் ஓ'கானரை ஏன் சேர்க்கவில்லை என்று ஒரு நண்பர் கேட்டார். 'தி மேன் ஆஃப் த வேர்ல்ட்' என்ற அவருடைய கதை பட்டியலில் இருந்தது. பெரிய மனிதத்தனத்தில் மயங்கிய ஒரு பையன், வயதில் மூத்த நண்பனோடு சேர்ந்து இருட்டு மாடியறையிலிருந்து பக்கத்து வீட்டுத் தம்பதியை உளவு பார்க்கிறான். அவர்கள் மண்டியிட்டு ஜெபம் செய்வதைக் கண்டதும் தன்னையே யாரோ கவனிப்பதுபோலக் கூசிப்போகிறான். அருமையான கதைதான், ஆனால் அங்கே கலைவது காதல் மயக்கம் அல்ல. அப்புறம், நான் ஓ'கானரைத் தொட்டுத் தொட்டுப் படித்தவன், முழுக்கப் படித்தவன் அல்ல; அவரைப் பற்றித் தீர்ப்பு எழுதும் அளவுக்கு எனக்குத் தைரியம் போதாது.

என் தேர்வில் ஒரு பொத்தல் இருக்கிறது, அதையும் சொல்ல வேண்டும். கூட்டத்தில் ஒரு தோழி நேராகவே கேட்டார்: மாங்கனின் அக்கா என்ன நினைத்தாள்? விளக்கொளியில் கழுத்தின் வளைவும் கூந்தலும் கம்பியைப் பிடித்த கையும் பாவாடையின் வெள்ளை ஓரமும் தெரிகின்றன. அவளுக்கும் அந்தச் சந்தைக்குப் போக ஆசை இருந்தது, தியான நாட்கள் என்பதால் முடியவில்லை. அந்த ஏமாற்றத்தைப் பற்றிக் கதைக்குக் கவலையே இல்லை. என்னிடம் நல்ல பதில் இல்லை. பையனின் கண்ணுக்கு அவ்வளவுதான் தெரியும் என்று சமாளித்தேன். அது பாதிப் பதில்தான். 'ஐரிஷ் ரெவல்' நிற்கும் இடம் அது. படம் வரையப்பட்ட பெண்ணின் பக்கத்திலிருந்து சொல்லப்படும் கதை. அவளுக்குக் கைகள் காய்த்துப்போயிருக்கின்றன, காலையில் வீட்டு வேலைக்குத் திரும்பியாக வேண்டும். தனக்கென்று ஒரு காதலன், பற்றிக்கொள்ள ஏதோ ஒன்று இருந்திருக்கக் கூடாதா என்று பனிக்கட்டியைக் குதிகாலால் உடைத்தபடி நினைக்கிறாள். மயக்கம் கலைந்த பிறகும் ஆசை அப்படியே இருக்கிறது. இதை ஜாய்ஸின் பையனிடம் காண முடியாது. அவன் தன்னைத் தண்டித்துக்கொள்வதோடு கதை நின்றுவிடுகிறது.

பெண்களாக வாசிப்பவர்களுக்கு என் 'யார் உடைத்தார்கள்' என்ற கேள்வியே ஆண்பிள்ளைத்தனமாகப் படலாம். உடைப்பவர்கள் எப்போதும் கண்முன்னே இருக்கும் வாழ்க்கையில், வில்லன் இல்லாத ஏமாற்றம் ஓர் ஆடம்பரம் என்று அந்தத் தோழி சொன்னார். அதற்கு மேல் நான் வாதாடவில்லை. ஒரே கதைதான் என்றால் இன்றும் 'அராபி'தான் என் கை நீட்டும் கதை. இரண்டுக்கு நேரம் இருந்தால் 'அராபி'யை முதலில் படியுங்கள். இந்த வரிசையில் படித்தால் உறைபனிப் பத்திக்கு வரும்போது ஓ'பிரையன் யாருக்குப் பதில் சொல்கிறார் என்பது காதில் விழும். வரிசையை மாற்றினால் 'அராபி' கொஞ்சம் மெலிந்து தெரியக்கூடும். அடுத்த மாதத்துக்கு 'ஐரிஷ் ரெவல்' என்று முடிவாகியிருக்கிறது, அதைத் தொடங்கி வைக்கப்போவது அந்தத் தோழி.