குவைத்தும் சவூதியும்: எண்ணெய் ஒன்று, வழி இரண்டு

இரண்டுமே எண்ணெய்ப் பணத்தில் நிற்கும் மன்னராட்சிகள். இரண்டிலும் பழங்குடிகளுக்குச் செல்வாக்கு அதிகம். ஆனால் குவைத்தில் 1962 அரசியலமைப்பு மக்கள் தேர்ந்தெடுக்கும் சபையைக் கொடுத்தது. சுவரோரம் மெத்தை போட்ட திவானியாவில், அதாவது ஆண்கள் கூடிப் பேசும் வரவேற்பறையில், சின்னக் கோப்பையில் காபி குடித்தபடி, பழங்குடியினர் தங்கள் வேட்பாளரைத் தேர்தலுக்கு முன்பே முடிவு செய்துவந்தார்கள். 1998-இல் சட்டம் தடுத்தும் அந்தப் பழக்கம் நிற்கவில்லை. அமைச்சர்களைக் குடைந்து குடைந்து கேள்வி கேட்ட சபை அது.

சவூதியில் மன்னர் நியமிக்கும் ஷூரா சபை ஆலோசனை மட்டும் சொல்லும். 2011-இல் அரபுலகம் கொந்தளித்தபோது மன்னர் அப்துல்லா 10,000 கோடி டாலருக்கு மேல் சலுகைகளை அறிவித்தார். அதே ஆண்டு குவைத்தில் போராட்டக்காரர்கள் நாடாளுமன்றத்துக்குள்ளேயே நுழைந்தார்கள், பிரதமர் விலகினார்.

எனக்குக் குவைத் வழிதான் பிடிக்கும். அதனால்தான் 2024 மே மாதம் குவைத் மன்னரான அமீர் அந்தச் சபையைக் கலைத்தது வலிக்கிறது.