அட்டையில் புது ஆண்டு, உள்ளே பழைய சாலை: அட்லஸ் வாங்குபவர்கள் கவனத்துக்கு

பயணத்துக்கோ தொழிலுக்கோ இணையத்தில் சாலை அட்லஸ் வாங்கப் போகிறவர்கள் பணம் கட்டும் முன் இதைப் படித்துவிடுங்கள். ‘புத்தம் புதிய பதிப்பு, வணிகர்களுக்கும் பயணிகளுக்கும்’ என்று விளம்பரம் செய்து எனக்கு ஒரு உலக அட்லஸை விற்றிருக்கிறார்கள். அப்பட்டமான மோசடி.

உறையைப் பிரித்தபோது அட்டை பளபளவென்றுதான் இருந்தது, நடப்பு ஆண்டும் கொட்டை எழுத்தில். உள்ளே ஆப்பிரிக்கப் பக்கத்தில் தென் சூடான் தனி நாடாக இருக்கிறது, ஆனால் எஸ்வாத்தினி நாடு இன்னும் சுவாசிலாந்து என்ற பழைய பெயரிலேயே இருக்கிறது. சரி, பெயரை மட்டும் மாற்றாமல் விட்டிருப்பார்கள் என்று சீனப் பக்கத்துக்குப் போனால், 2018 அக்டோபரில் திறந்த ஹாங்காங்–சுஹாய்–மக்காவ் பாலத்தையே காணோம். 55 கிலோமீட்டர் நீளப் பாலம், கவனக்குறைவில் விட்டுப்போகிற சமாச்சாரமா அது? ஆக, தென் சூடான் பிறந்த 2011-க்கும் இந்தப் பாலம் திறந்த 2018-க்கும் நடுவில் எப்போதோ தயாரான வரைபடத்துக்குப் புது அட்டை மாட்டியிருக்கிறார்கள்.

அதைவிட ஆபத்து, அளவை, அதாவது வரைபடத் தூரத்துக்கும் நிஜத் தூரத்துக்கும் உள்ள விகிதம். ஒரு பக்கத்தில் 1:10,00,000 என்று அச்சிட்டிருக்கிறது, அதாவது ஒரு சென்டிமீட்டருக்கு 10 கிலோமீட்டர். அட்சரேகையில் ஒரு பாகை எங்கே அளந்தாலும் கிட்டத்தட்ட 111 கிலோமீட்டர் வரும், அப்படியானால் அடுத்தடுத்த இரண்டு பாகைக் கோடுகளுக்கு நடுவே 11 சென்டிமீட்டருக்கு மேல் இருக்க வேண்டும். ஸ்கேலை வைத்துப் பார்த்தால் 9 தான். பெரிய பக்கத்தை ஸ்கேன் செய்து சுருக்கி அச்சடித்துவிட்டு, பழைய விகிதத்தை அப்படியே விட்டிருக்கிறார்கள். கீழே இருக்கிற அளவுக்கோடு படத்தோடு சேர்ந்து சுருங்குவதால் அது பொய் சொல்லவில்லை, ஆனால் எண்ணை நம்பித் தூரம் கணக்குப் போட்டு, அதை வைத்து டீசல் செலவும் சரக்கு போய்ச்சேரும் நேரமும் சொல்கிறவரின் நிலைமை என்ன? உண்மையில் 111 கிலோமீட்டர் இருக்கிற இடத்தை அவர் 90 என்று சொல்லிக்கொண்டிருப்பார். சிறு சாலைகளின் எண்களோ மை கசிந்து படிக்கவே முடியவில்லை, மூலப் புத்தகத்தின் நடுமடிப்பு நிழல்கூட அப்படியே விழுந்திருக்கிறது.

ஊர்ப்பெயர் அகரவரிசையும் உதவாது. முன்பக்கங்களை எடுத்துவிட்டு வேறு எதையோ சேர்த்ததில் பக்க எண்கள் எல்லாம் தள்ளிப்போய்விட்டன.

கேட்டதற்கு, அட்டையில் இருப்பது அச்சான ஆண்டு, அதில் தவறில்லை என்று பதில் வந்தது. விளம்பரத்தில் ‘பதிப்பு’ என்று போட்டுவிட்டு இப்படிப் பேசுகிறார்கள். மறு அச்சு வேறு, திருத்திய பதிப்பு வேறு, இது புத்தகம் விற்பவருக்குத் தெரியாததா?

வாங்குவதற்கு முன் பதிப்பு விவரம் உள்ள பக்கத்தையும், அளவை தெளிவாகத் தெரிகிற ஒரு வரைபடப் பக்கத்தையும் படமெடுத்து அனுப்பச் சொல்லுங்கள். அட்டைப் படத்தையே திரும்பத் திரும்ப அனுப்பினால் விட்டுவிடுங்கள். வரைபடம் எங்கிருந்து எடுத்தது என்றும் பாருங்கள், தன்னார்வலர்கள் சேர்ந்து உருவாக்கும் இணைய வரைபடமான ஓபன்ஸ்ட்ரீட்மேப்பின் தரவு என்றால் அதைக் குறிப்பிட்டே ஆக வேண்டும், எந்தக் குறிப்புமே இல்லாத புத்தகத்தை நான் இனி தொட மாட்டேன். பணம் இன்னும் திரும்பி வரவில்லை, அப்புறம் அந்த விளம்பரமும் இன்னும் அப்படியே இருக்கிறது.