டியூபில் மீட்டர் வைத்து "பீப் வரல" என்று சொல்பவரிடம் டிஸ்ப்ளேயைக் கொடுத்துவிடாதீர்கள்

கோவை கணபதியில் வீட்டின் முன்பக்கமே எங்கள் பட்டறை. ஒரு சி.என்.சி. லேத் (கம்ப்யூட்டர் கட்டுப்பாட்டில் ஓடும் கடைசல் மெஷின்), ஒரு டிரில்லிங் மெஷின், ஒரு பவர் ஹாக்சா. பம்பு கம்பெனிகளுக்கு ஷாஃப்டும் புஷ்ஷும் ஜாப் வொர்க்காகச் செய்து கொடுக்கிறோம். லேத் 2005 மாடல், செகண்ட் ஹேண்டில் வாங்கியது. அதிலிருக்கும் 10.4 இன்ச் டிஸ்ப்ளேக்காகப் போன ஆடி மாதம் 18,500 ரூபாய் கொடுத்து ஏமாந்தேன். ஒன்பது நாள் வேலையும் போனது. செய்தவர் யார் என்று எழுதப் போவதில்லை. எப்படிச் செய்தார் என்பதை மட்டும் ஒன்று விடாமல் எழுதுகிறேன், ஏனென்றால் அதே வேலையை அவர் இன்னும் பல பட்டறைகளில் செய்துகொண்டிருக்கிறார். பழைய எல்.சி.டி. மானிட்டரோ டி.வி.யோ வைத்திருக்கிற வீடுகளிலும் இது நடக்கலாம்.

முதலில் டிஸ்ப்ளே காலையில் மட்டும் லேசாகச் சிவந்து தெரிந்தது. பத்து நிமிடம் ஓடினால் வெள்ளையாகிவிடும். பிறகு அந்தச் சிவப்பு போகவே அரை மணி நேரம் ஆனது. ஒரு திங்கட்கிழமை மெஷினை ஆன் செய்ததும் படம் வந்தது, இரண்டு விநாடியில் கறுத்துவிட்டது. ஆஃப் செய்து போட்டால் மறுபடி இரண்டு விநாடி வரும், போய்விடும்.

அன்றைக்கு 200 ஷாஃப்ட் கொடுத்தாக வேண்டும். பையன் செல்போன் டார்ச்சைத் திரைக்குச் சாய்வாகப் பிடித்தான். வெட்டும் கருவி எங்கே நிற்கிறது என்று காட்டும் எக்ஸ், இசட் எண்கள் மங்கலாக, ஆனால் முழுசாகத் தெரிந்தன. அப்படியே டார்ச் பிடித்துச் சாயங்காலம் வரை ஓட்டி லோடு அனுப்பினோம். இதை ஏன் சொல்கிறேன் என்றால், படம் காட்டும் கண்ணாடிப் பலகையான பேனல் நன்றாக இருக்கிறது என்பதற்கான சாட்சி அன்று முழுவதும் எங்கள் கையிலேயே இருந்தது. எல்.சி.டி. தானாக ஒளி விடாது. பின்னால் இருக்கும் விளக்கின் ஒளியைத் தடுத்தும் விட்டும்தான் படம் காட்டும். வெளியிலிருந்து ஒளி அடித்தால் படம் தெரிகிறது என்றால் பேனலும் அதற்கு சிக்னல் தரும் போர்டும் உயிரோடு இருக்கின்றன, விளக்கோ விளக்குக்கு மின்சாரம் தரும் இன்வெர்ட்டர் போர்டோதான் கெட்டிருக்கிறது. இது எனக்கு அப்போது தெரியாது.

மறுநாள் தெரிந்தவர் சொல்லி ஒரு சர்வீஸ்காரர் வந்தார். டிஸ்ப்ளே யூனிட்டைக் கழற்றினார். திரைக்குப் பின்னால் எரியும் விளக்கான பேக்லைட் டியூபின் இரண்டு ஒயர்களிலும் மல்டிமீட்டரைக் கன்டின்யுட்டியில் வைத்தார், நடுவில் கம்பி அறுபடாமல் இருந்தால் பீப் சத்தம் வரும். சத்தம் இல்லை. இன்னொரு டியூபிலும் வைத்தார். அதிலும் இல்லை. "பாருங்ணா, பீப் வரல. ரெண்டு டியூபும் அவுட். டியூப் போனா அது பேனலையும் ஷார்ட் பண்ணிரும். முழு பேனலும் மாத்தணும்" என்றார். மீட்டரை என் கையிலேயே கொடுத்து வைத்துப் பார்க்கச் சொன்னார். நானும் வைத்துப் பார்த்தேன். என் கண்ணால் பார்த்துவிட்டேன் என்பதால் நம்பிவிட்டேன்.

இந்தப் பதிவில் ஒரே ஒரு விஷயம் மனதில் நிற்க வேண்டுமென்றால் அது இதுதான். பெட்டியிலிருந்து பிரித்த புத்தம் புது டியூபில் வைத்தாலும் மீட்டர் பீப் கொடுக்காது. வீட்டு டியூப் லைட்டின் ஒவ்வொரு முனையிலும் இரண்டு பின் இருக்கும், அவற்றுக்கு நடுவே ஃபிலமென்ட் கம்பி இருக்கும். அந்த ஃபிலமென்ட் அறுந்ததா என்று மீட்டரில் பார்க்கலாம். திரைக்குப் பின்னால் இருப்பது அந்த ஜாதி இல்லை. சி.சி.எஃப்.எல். என்று சொல்லப்படும் இந்த டியூபில் ஃபிலமென்டே கிடையாது. ஒரு முனைக்கு ஒரு சின்ன உலோக மின்முனை, அவ்வளவுதான். இரண்டுக்கும் நடுவே ஆர்கான், நியான் போன்ற வாயுவும் சில மில்லிகிராம் பாதரசமும் மட்டுமே உண்டு. அந்த வாயுவைப் பற்ற வைக்க ஆயிரம் வோல்ட்டுக்கு மேல் வேண்டும். பற்றிய பிறகு 500 முதல் 800 வோல்ட் வரை போதும், அதுவும் சில மில்லி ஆம்பியர்தான். பேட்டரியில் ஓடும் மீட்டரின் ஒன்றிரண்டு வோல்ட்டுக்கு அது வெறும் கண்ணாடிக் குச்சி. இந்தத் தொழிலில் இருக்கிற ஒருவருக்கு இது தெரியாமல் இருக்க வாய்ப்பே இல்லை.

கழற்றும்போது மேல் டியூபை அவரே உடைத்தார். உடைந்த துண்டுகளை விளக்குமாறால் கூட்டி மூலையில் தள்ளிவிட்டுப் போனார். பட்டறைக்கு அந்தப் பக்கம் எங்கள் சமையலறை. பாதரசம் இருக்கும் டியூப் உடைந்தால் முதலில் குழந்தைகளை வெளியே அனுப்பி, சன்னலைத் திறந்து கொஞ்ச நேரம் காற்றோட விட வேண்டும். துடைப்பமோ வேக்குவமோ போடக்கூடாது, அது தூளைக் காற்றில் கிளப்பும். கெட்டி அட்டையால் ஒதுக்கி, மிச்சத்தை ஒட்டும் டேப்பால் ஒற்றி எடுத்து, மூடி போட்ட பாட்டிலில் அடைத்து, மின்கழிவு வாங்குகிற இடத்தில் கொடுக்க வேண்டும். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம் அவர். பணம் போனதைவிட இதில்தான் எனக்குக் கோபம் அதிகம்.

பத்தாயிரம் முன்பணம் ஜிபே செய்தேன். மீதி 8,500 ரொக்கமாகக் கேட்டார், கொடுத்தேன். பில் கேட்டதற்கு "கம்பெனி பில்லுனா ஜி.எஸ்.டி. சேருங்ணா" என்றார். ஒன்பதாவது நாள் யூனிட்டைக் கொண்டுவந்து மாட்டினார். படம் வந்தது. மேல் வலது மூலையில் மட்டும் விரல் அகலத்துக்கு நிழல் விழுந்தது. கேட்டேன். "புது பேனலுங்ணா, செட் ஆக நாலு நாள் ஆகும்" என்றார். அந்த நிழல் கடைசி வரை போகவில்லை.

43-ஆவது நாள் மறுபடி அதே சிவப்பு, அதே இரண்டு விநாடி. போன் செய்தால் எடுக்கவில்லை. வேறு நம்பரிலிருந்து செய்தபோது எடுத்து, வாரண்டி முப்பது நாள்தான் என்றார். அப்படி ஒரு பேச்சே எங்களுக்குள் நடந்ததில்லை.

ஈரோட்டில் என் அக்கா பையன் பல வருடம் டி.வி. ரிப்பேர் பார்த்தவன். வீடியோ காலில் காட்டினேன். "மாமா, பேனல் பின்னாடி ஸ்டிக்கர்ல சீரியல் நம்பர் இருக்கும். பழைய போட்டோ ஏதாவது இருக்கா?" என்றான். இருந்தது. முதல் நாள் யூனிட்டைக் கழற்றியபோது விலை விசாரிக்கலாம் என்று மகள் பின்பக்கத்தைப் போட்டோ எடுத்து வைத்திருந்தாள். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தோம். கடைசி எழுத்து வரை அதே நம்பர். 18,500 ரூபாய்க்கு என் பேனலையே எனக்கு விற்றிருக்கிறார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை அவன் நேரில் வந்தான். சாப்பாட்டு மேசையில் பழைய பெட்ஷீட் விரித்து யூனிட்டைத் திறந்தோம். மேலே இருந்த டியூப் வேறு ஏதோ பழைய லேப்டாப்பிலிருந்து எடுத்தது. எங்கள் பேனலின் பள்ளத்துக்கு அது ஒரு சென்டிமீட்டர் குறைவு. மிச்ச இடத்தில் டேப்பைச் சுருட்டி அடைத்திருந்தார். மூலை நிழலுக்குக் காரணம் அதுதான். கீழே எங்கள் பழைய டியூபே இருந்தது, இரண்டு முனையும் கரி பிடித்தது போலக் கறுத்து.

டியூபை எப்படிச் சோதிப்பது என்று அன்றைக்குத்தான் பார்த்தேன். எரிய வைத்துப் பார்ப்பது ஒன்றே வழி. இதற்கென்று 12 வோல்ட் அடாப்டரில் ஓடும் சின்ன டெஸ்டர் ஆயிரம் ரூபாய்க்குள் கிடைக்கிறது. உள்ளே இருப்பதும் ஒரு சின்ன இன்வெர்ட்டர்தான். டியூபின் இரண்டு ஒயர்களையும் அதில் சொருகிவிட்டு, கையை எடுத்துவிட்டு, பிறகு பட்டனை அழுத்த வேண்டும். நல்ல டியூப் ஒரு முனையிலிருந்து மறு முனை வரை ஒரே வெள்ளையாக எரியும். எங்கள் கீழ் டியூப் நடுவில் வெளிர் ரோஜா நிறத்தில் எரிந்தது, முனைகள் மங்கின. லேப்டாப் டியூப் முதலில் நன்றாகத்தான் எரிந்தது. உடனே அணைக்காமல் பத்து நிமிடம் விடச் சொன்னான். ஆறாவது நிமிடம் துடிக்க ஆரம்பித்தது. ஒரு விநாடி எரிய வைத்துக் காட்டி "டியூப் ஓகே" என்று சொல்பவரையும் நம்பாதீர்கள், வயதான டியூப் சூடேறிய பிறகுதான் தன் குணத்தைக் காட்டும்.

டெஸ்டர் இல்லாவிட்டாலும் ஒரு வழி உண்டு. இரண்டு டியூப் இருந்தால் இன்வெர்ட்டர் போர்டில் அவற்றின் கனெக்டரை இடம் மாற்றிச் சொருகி, அந்த இரண்டு விநாடிக்குள் எந்தப் பக்கம் சிவக்கிறது என்று பாருங்கள். கோளாறு டியூபோடு கூடவே இடம் மாறினால் டியூப் கெட்டது. அதே சாக்கெட்டில் நின்றுவிட்டால் இன்வெர்ட்டர் கெட்டது. ஒரு டியூப் கெட்டாலே போர்டு எல்லாவற்றையும் அணைத்துவிடும், பாதுகாப்புக்காக அப்படிச் செய்திருக்கிறார்கள். திரை முழுக்க இருட்டாகிவிட்டதே, எல்லாம் போய்விட்டது போல என்று நாம் பயப்படுவது அதனால்தான். சர்வீஸ்காரர் பிடித்துக்கொள்வதும் அந்தப் பயத்தைத்தான்.

இன்வெர்ட்டரையும் பார்த்தான். பவரை எடுத்துவிட்டு, இரண்டு டிரான்ஸ்ஃபார்மர்களின் வெளியீட்டுக் காயில்களை ஓம்ஸில் அளந்தான். இரண்டும் கிட்டத்தட்ட ஒரே அளவு வந்தது. ஒன்று மட்டும் வெகுவாக வித்தியாசப்பட்டால் அந்தக் காயில் சந்தேகம். ஃபியூஸ் சரி. கபாசிட்டர்களின் தலை உப்பவில்லை. வீட்டு மானிட்டர்களில் பல நேரம் உப்பிய கபாசிட்டர்தான் குற்றவாளி, சில பத்து ரூபாய் சாமான், அதற்கும் "பேனல் போச்சு" என்று பில் போடுகிறார்கள் என்றான்.

ஒன்று கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். பவர் இருக்கும்போது இன்வெர்ட்டரின் வெளியீட்டில் மல்டிமீட்டரை வைக்காதீர்கள். அங்கே வருவது விநாடிக்கு முப்பதாயிரம், நாற்பதாயிரம் முறை மாறும் உயர் மின்னழுத்தம். மீட்டர் எரியும், கையும் சுடும். மானிட்டர், டி.வி. என்றால் பவர் போர்டிலுள்ள பெரிய கபாசிட்டரில் பிளக்கைப் பிடுங்கிய பிறகும் 300 வோல்ட்டுக்கு மேல் தங்கியிருக்கலாம். அதை இறக்கத் தெரியாதவர் மூடியைத் திறக்கவே வேண்டாம். டார்ச் அடித்துப் பார்ப்பதற்கு எதையும் திறக்கத் தேவையில்லை, அது எல்லாருக்கும் ஆகும்.

பழைய டியூபை வெர்னியரில் அளந்தேன், அதன் தாடை டியூபைத் தொட்டும் தொடாமலும். விட்டம் 2.4 மி.மீ. அதே விட்டம், அதே நீளத்தில் இரண்டு புது டியூப் வரவழைத்தோம். கூரியரோடு 900 ரூபாய். அக்கா பையன் ஒயரைச் சால்டர் செய்து, ரப்பர் உறை மாட்டி, கையுறையோடு பள்ளத்தில் இறக்கினான். மூலை நிழல் இல்லை, சிவப்பு இல்லை.

இந்த டியூப்கள் இனி சுலபமாகக் கிடைக்காது. பாதரசத்தைக் குறைப்பதற்கான மினமாட்டா உடன்படிக்கையில், திரைகளுக்கான இந்த வகை விளக்குகளின் உற்பத்தியையும் ஏற்றுமதி இறக்குமதியையும் 2025-க்குள் நிறுத்துவதென்று 2022-இல் முடிவானது. நல்ல முடிவுதான். ஆனால் "டியூபே வர்றதில்லைங்ணா, பேனல்தான் மாத்தணும்" என்ற பேச்சு இனி அதிகமாகும். அப்படிச் சொன்னால், அதே பள்ளத்தில் எல்.இ.டி. ஸ்ட்ரிப் போட்டுத் தர முடியுமா என்று கேளுங்கள். நேர்மையான சர்வீஸ்காரர்கள் அதைச் செய்கிறார்கள், அப்படி இரண்டு பேரை இப்போது எனக்குத் தெரியும். யூனிட்டை யாரிடம் கொடுத்தாலும் பின்பக்க ஸ்டிக்கரைப் போட்டோ எடுத்த பிறகு கொடுங்கள். கழற்றிய பழைய பாகத்தைத் திருப்பிக் கேளுங்கள். பில் தர மறுத்தால் அங்கேயே நிறுத்திவிடுங்கள், நான் அந்த இடத்தில் நிறுத்தியிருக்க வேண்டும்.

என் கையில் ஜிபே ரசீதும் இரண்டு போட்டோவும் இருக்கின்றன. அவற்றை வைத்து 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் பதிவு செய்திருக்கிறேன். இதைக் கேள்விப்பட்டு எங்கள் வீதிக் கடைசியில் மில்லிங் பட்டறை வைத்திருக்கும் அண்ணன் நேற்று வந்தார். அவரும் போன வருடம் அதே ஆளிடம் "புது பேனல்" போட்டிருக்கிறார், அவர் திரையிலும் ஒரு மூலையில் நிழல் இருக்கிறதாம். வருகிற ஞாயிறு அதைத் திறக்கப் போகிறோம். டெஸ்டர் என்னிடமே இருக்கிறது. கணபதி, சின்னவேடம்பட்டி பக்கம் யாருக்காவது இதே சந்தேகம் இருந்தால் அன்றைக்கே யூனிட்டைக் கழற்றி எடுத்து வாருங்கள், எரிய வைத்துப் பார்த்துவிடலாம்.