திருமணத்துக்குப் பின் பெயர்: அப்படியே விடுவதா, திருமணச் சான்றா, அரசிதழா?

ஆதாரில் ‘கவிதா எஸ்’. பான் கார்டில் ‘கவிதா செல்வம்’. வாக்காளர் அட்டையில் வெறும் ‘கவிதா’, அதற்குக் கீழே தந்தை பெயர் செல்வம். பாஸ்போர்ட்டில் சர்நேம் கட்டம் காலி. ஆள் ஒருவர்தான், பெயர் நான்கு விதம். தமிழ்நாட்டில் பாதிப் பேருடைய கோப்பு இப்படித்தான் இருக்கிறது. இந்த நிலையில் கல்யாணம் முடிந்து, கவிதாவின் பெயருக்குப் பின்னால் கணவர் முருகனின் பெயரைச் சேர்க்க வேண்டும் என்று வீட்டில் பேச்சு எழும். எந்த அலுவலகத்துக்குப் போவது என்பதை அப்புறம் பார்க்கலாம். எந்த வழியில் போவது என்பதை முதலில் முடிவு செய்ய வேண்டும். வழி மாறினால் செலவும் காலமும் மாறும், பின்னால் திரும்பி வரும் கதவும் மாறும்.

வழிகள் மூன்று. பெயரைத் தொடாமல் கணவர் பெயரை மட்டும் உரிய கட்டத்தில் சேர்ப்பது. திருமணப் பதிவுச் சான்றைக் காட்டி மாற்றுவது. அரசிதழில் (கெஜட்டில்) வெளியிட்டு மாற்றுவது. நோட்டரி பிரமாணப் பத்திரத்தை நான்காவது வழியாகச் சொல்பவர்கள் உண்டு. அது தனி வழியாகாது. ஏன் என்று கீழே பார்ப்போம்.

தொடாமல் விடுவது

மணமான பெண் கணவர் பெயரைத் தன் பெயரோடு சேர்த்தே ஆக வேண்டும் என்று இந்தியாவில் எந்தச் சட்டமும் சொல்லவில்லை. பாஸ்போர்ட்டின் கடைசிப் பக்கத்தில் கணவன்/மனைவி பெயருக்குத் தனி வரி இருக்கிறது. ஆதாரில் முகவரியின் தொடக்கத்தில் வரும் ‘C/O’ வரியில் கணவர் பெயரைப் போடலாம். வாக்காளர் பட்டியலில் உறவினர் பெயரைத் தந்தையிலிருந்து கணவருக்கு மாற்றிக்கொள்ளலாம். பத்திரத்தில் த/பெ என்பது க/பெ ஆகும், அவ்வளவுதான். உங்கள் பெயர் ஒரு எழுத்தும் மாறாது. பள்ளிச் சான்று, பல்கலைக்கழகப் பட்டம், வேலைக் கோப்பு, வங்கிக் கணக்கு, அப்பா எழுதி வைத்த பத்திரம் எல்லாம் ஒரே பெயரில் தொடரும்.

இந்த வழியைத் தேர்ந்தாலும் ஒரு வேலை பாக்கி உண்டு. இனிஷியல் என்பது சர்நேம் அல்ல. நமக்கு ‘எஸ்’ என்றால் செல்வம் என்று புரியும். பான் விண்ணப்பத்துக்குப் புரியாது. அங்கே முதல் பெயர், கடைசிப் பெயர்க் கட்டங்களில் இனிஷியல் போடக் கூடாது, கடைசிப் பெயர்க் கட்டத்தைக் காலியாகவும் விடக் கூடாது. பாஸ்போர்ட்டும் இனிஷியலை விரித்தே எழுதச் சொல்லும். ஆக, ‘கவிதா செல்வம்’ என்று விரித்த வடிவத்தை ஒருமுறை தீர்மானித்து, ஆதார் முதல் வங்கி வரை அதையே வைத்துக்கொள்வதுதான் உண்மையான தீர்வு. வெளிநாடு போகிறவர்களுக்கு இது இன்னும் முக்கியம். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், சர்நேம் அல்லது கிவன் நேம் (முதல் பெயர்) காலியாக இருக்கும் பாஸ்போர்ட்டோடு சுற்றுலா விசாவில் வருபவர்களை அனுமதிப்பதில்லை என்று அறிவித்தது. தந்தை பெயரோ குடும்பப் பெயரோ இரண்டாம் பக்கத்தில் இருந்தால் ஏற்பதாகப் பிறகு விளக்கம் வந்தது. அமெரிக்க விசா விண்ணப்பத்தில் ஒற்றைப் பெயரை சர்நேம் கட்டத்தில் போட்டு, கிவன் நேம் இருக்க வேண்டிய இடத்தில் ‘எஃப்என்யூ’ என்று நிரப்பச் சொல்கிறார்கள். முதல் பெயர் தெரியவில்லை என்பதன் சுருக்கம் அது. பிறகு அதுவே பெயராக ஒட்டிக்கொள்ளும்.

திருமணச் சான்று

செலவும் அலைச்சலும் குறைந்த மாற்றம் இதுதான். தமிழ்நாடு திருமணங்கள் பதிவுச் சட்டம் 2009இன்படி, எந்த மதத் திருமணமாக இருந்தாலும் 90 நாட்களுக்குள் பதிவு செய்ய வேண்டும். தவறினால் கூடுதல் கட்டணத்தோடு இன்னும் 60 நாட்கள் அவகாசம். பெயரை மாற்றும் எண்ணம் இருக்கிறதோ இல்லையோ, சார்பதிவாளர் அலுவலகத்தில் இதை முடித்துவிடுங்கள்.

பலரும் கவனிக்காத விஷயம் ஒன்று. சான்றை எடுத்துப் பாருங்கள். செல்வம் மகள் கவிதாவுக்கும் இன்னார் மகன் முருகனுக்கும் இன்ன தேதியில் திருமணம் நடந்தது என்று இருக்கும். ‘கவிதா முருகன்’ என்ற பெயர் அதில் எங்குமே இருக்காது. அந்தச் சான்று உறவை நிரூபிக்கிறது, புதுப் பெயரை நிரூபிக்கவில்லை. உறவை வைத்துப் புதுப் பெயரை ஏற்றுக்கொள்வது அந்தந்தத் துறையின் விதி. ஆகவே பெயரின் பின்பகுதி மட்டும் மாறும்போது, அதாவது செல்வம் போய் முருகன் வரும்போது, இந்தச் சான்று போதும். ‘கவிதா’ என்பதே ‘கவிதாஸ்ரீ’ ஆக வேண்டும் என்றால் இது உதவாது. சான்றில் இருக்கும் பழைய பெயர் உங்கள் ஆதாரில் இருக்கும் பெயரோடு எழுத்துக்கு எழுத்து பொருந்த வேண்டும். கணவர் பெயரின் ஸ்பெல்லிங்கும் அவருடைய ஆதாரில் உள்ளபடியே இருக்க வேண்டும். ஆங்கிலத்தில் ஓர் எழுத்து கூடினாலும் குறைந்தாலும் விண்ணப்பம் திரும்பி வரும்.

பான் விஷயத்தில் மணமான பெண்களுக்குக் கொஞ்சம் தாராளம். திருமணச் சான்று இல்லையென்றால் கல்யாணப் பத்திரிகை, கணவர் பெயர் இருக்கும் பாஸ்போர்ட் நகல், கெஜட்டட் அதிகாரி தரும் சான்று இவற்றில் ஒன்றையும் ஏற்றுக்கொள்வார்கள். பாஸ்போர்ட்டுக்குத் திருமணச் சான்று இல்லாதவர்கள், தம்பதி சேர்ந்து எடுத்த படத்தை ஒட்டி இருவரும் கையெழுத்திட்ட கூட்டு உறுதிமொழியைக் கொடுக்கலாம். பத்திரிகையை நம்பி பானை முதலில் மாற்றிவிட்டு, பிறகு அதே பத்திரிகையோடு ஆதார் மையத்துக்குப் போனால் வேலை நடக்காது. அங்கே பதிவுச் சான்று வேண்டும்.

அரசிதழ்

தமிழ்நாடு அரசின் எழுதுபொருள் மற்றும் அச்சுத் துறை வெளியிடும் அரசிதழில், தனிநபர் அறிவிப்புப் பகுதியில் பெயர் மாற்றம் அச்சாகும். அதன் வாசகம் கிட்டத்தட்ட இப்படி இருக்கும்: ‘கவிதா எஸ் ஆகிய நான், செல்வம் மகள், பிறந்த தேதி இன்னது, பிறந்த மாவட்டம் இன்னது, இன்ன முகவரியில் வசிப்பவள், இனி கவிதா முருகன் என்று அழைக்கப்படுவேன்.’ பழைய பெயர், புதுப் பெயர், தந்தை பெயர், பிறந்த தேதி எல்லாம் ஒரே பத்தியில், அரசின் அச்சில் இருக்கும். திருமணச் சான்றில் இல்லாத பாலம் இதுதான். பத்து வருடம் கழித்து யார் கேட்டாலும் அந்த ஒரு பக்கம் பதில் சொல்லும். வேலைவாய்ப்பு, மேற்படிப்பு, சொத்து விற்பனை போன்ற இடங்களில் பள்ளிச் சான்றோடு சேர்த்துக் காட்ட இதைவிட வலுவான தாள் கிடையாது.

தமிழில் வெளியிடக் கட்டணம் குறைவு, ஆங்கிலத்தில் அதிகம். காசைப் பார்த்துத் தமிழில் கொடுத்துவிட்டு வருத்தப்படுபவர்கள் நிறைய. ‘முருகன்’ என்று தமிழில் ஒரே மாதிரிதான் எழுதுவோம். ஆங்கிலத்தில் அதை இரண்டு மூன்று விதமாக எழுதலாம். பாஸ்போர்ட்டும் பானும் பார்ப்பது ஆங்கில எழுத்துகளை. எண் ஜோதிடத்துக்காக ஓர் எழுத்தைக் கூட்டிக்கொள்பவர்களுக்கோ தமிழ் அறிவிப்பில் மாற்றமே தெரியாது. பழைய பெயரும் புதுப் பெயரும் ஒன்றாகவே அச்சாகும். அடையாள அட்டைகளுக்காகத்தான் மாற்றுகிறீர்கள் என்றால் ஆங்கில அறிவிப்புக்கே பணம் கட்டுங்கள்.

விண்ணப்பத்தோடு பிறந்த தேதிக்கான சான்று வேண்டும். பிரதி கைக்கு வந்த அன்றே பிழை பாருங்கள். பிறந்த தேதியில் ஓர் இலக்கம் தவறினால் அந்தத் தாள் வேறொருவருடையது ஆகிவிடும். விண்ணப்பித்ததிலிருந்து அச்சாக வாரங்கள் ஆகும் என்பதால், அவசரப் பயணம் இருப்பவர்களுக்கு இந்த வழி ஒத்துவராது.

நோட்டரி பிரமாணப் பத்திரம் என்பது நீங்களே உங்களைப் பற்றிச் சொல்லிக்கொள்வது. ‘இரண்டு பெயரும் ஒரே நபர்’ என்று வங்கியிலோ காப்பீட்டு நிறுவனத்திலோ சொல்ல அது பயன்படும். அதை மட்டும் வைத்துக்கொண்டு ஆதாரையோ பாஸ்போர்ட்டையோ மாற்றிவிடலாம் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம்.

எதை முதலில் மாற்றுவது

வழியைத் தேர்வதில் மற்ற எல்லாவற்றையும்விடக் கனமான கணக்கு ஆதாரில் இருக்கிறது. ஆதாரில் பெயரை வாழ்நாளில் இரண்டு முறைதான் மாற்றலாம். எப்போதோ ஒரு ஸ்பெல்லிங் பிழையைத் திருத்தியிருந்தால் அதுவும் ஒரு முறையாகக் கழிந்திருக்கும். கல்யாணத்துக்கு ஒன்று போனால் கையிருப்பு தீர்ந்தது. அதற்குப் பிறகு மாற்ற வேண்டுமானால் அரசிதழும் பழைய பெயரில் உள்ள அடையாளச் சான்றும் கொண்டு விதிவிலக்குக் கோரிக்கை வைக்க வேண்டும். தமிழ்நாட்டுக்கான மண்டல அலுவலகம் பெங்களூரில் இருக்கிறது. விசாரிக்க 1947 என்ற எண். ஏற்கெனவே ஒரு முறை மாற்றியவர்கள், இரண்டாவது வாய்ப்பைத் திருமணச் சான்றில் செலவழிக்கும் முன் ஒருமுறைக்கு இருமுறை யோசியுங்கள்.

மாற்றுவதென்று முடிவானால் வரிசை இது: ஆதார், பான், வங்கி, பிறகு பாஸ்போர்ட். பானை ஆதார் வழியே ஆன்லைனில் திருத்தும்போது ஆதாரில் உள்ள பெயரே இறங்கும். ஆகவே ஆதார் சரியாக இல்லாமல் பானைத் தொடுவது இரட்டை வேலை. 2025 அக்டோபர் முதல் ஆதார் மையத்தில் பெயர்த் திருத்தத்துக்குக் கட்டணம் ரூ.75. அங்கே கணினித் திரையில் ஆங்கிலப் பெயரைத் தட்டச்சு செய்ததும் பக்கத்தில் தமிழ் வடிவம் தானாக வந்து விழும். ‘கவிதா’ அங்கே ‘கவித’ ஆகவும் வரும். ஒப்புகைச் சீட்டில் கையெழுத்துப் போடும் முன் இரண்டு மொழியையும் எழுத்துக் கூட்டிப் படியுங்கள். பிறகு திருத்தப் போனால் இரண்டாவது வாய்ப்பு அதிலேயே போய்விடும்.

பான் எண்ணின் ஐந்தாவது எழுத்து, எண் தரப்பட்டபோது இருந்த கடைசிப் பெயரின் முதல் எழுத்து. செல்வம் என்றால் ‘எஸ்’. முருகன் என்று மாறிய பிறகும் அந்த ‘எஸ்’ அப்படியேதான் இருக்கும், எண் மாறாது. எழுத்து பொருந்தவில்லையே என்று புதிய பானுக்கு விண்ணப்பிக்காதீர்கள். இரண்டு பான் வைத்திருப்பது அபராதத்துக்குரிய குற்றம். பானை மாற்றிய கையோடு வங்கியிலும் மாற்றுங்கள். இரண்டும் பொருந்தாத இடைக்காலத்தில் வருமான வரி ரீஃபண்ட் கணக்கில் ஏறாது. சம்பளக்காரர்கள் வருங்கால வைப்பு நிதிக் கணக்கில் உள்ள பெயரையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். பெரும்பாலானோர் இதை மறந்துவிட்டு, பணம் எடுக்கப் போகும் அன்று கண்டுபிடிக்கிறார்கள்.

பாஸ்போர்ட்டில் திருத்தம் என்று ஒன்று கிடையாது, மறுவெளியீடுதான். புதிய புத்தகம், புதிய எண், 36 பக்கத்துக்கு ரூ.1,500, தட்கல் என்றால் மேலும் ரூ.2,000. டிக்கெட் எடுத்துவிட்டீர்களா? அப்படியானால் பயணம் முடியும்வரை பாஸ்போர்ட்டைத் தொடாதீர்கள். பழைய புத்தகத்தில் செல்லுபடியாகும் விசா இருந்தால், பெயர் மாறிய பிறகும் அது செல்லுமா என்று அந்த நாட்டுத் தூதரகத்தில் கேட்டுவிட்டே விண்ணப்பியுங்கள்.

வாக்காளர் அட்டைக்குப் படிவம் 8, கட்டணம் இல்லை. ரேஷன் கார்டில் நடப்பது பெயர் மாற்றம்கூட அல்ல, வீடு மாற்றம். அப்பா கார்டில் நீக்கிவிட்டுத்தான் கணவர் கார்டில் சேர்க்க முடியும். பள்ளிச் சான்றும் பட்டமும் பழைய பெயரிலேயே இருக்கும். அவற்றை மாற்ற முயன்று அலைய வேண்டாம். சொத்துப் பத்திரமும் அப்படியே. விற்கும்போது ‘கவிதா செல்வம் என்கிற கவிதா முருகன்’ என்று எழுதி, இரண்டு பெயரையும் இணைக்கும் திருமணச் சான்றையோ அரசிதழையோ காட்டினால் போதும்.

திரும்பி வர நேர்ந்தால்

கணவர் பெயரைச் சேர்ப்பதைவிட எடுப்பது பல மடங்கு கடினம். சேர்க்க ஒரு சான்று போதும். விவாகரத்துக்குப் பின் பாஸ்போர்ட்டில் பழைய பெயருக்குத் திரும்ப நீதிமன்றத் தீர்ப்பின் சான்றிட்ட நகல் கேட்பார்கள். வழக்கு நடந்துகொண்டிருக்கும் வருடங்களில் எந்தக் கதவும் எளிதில் திறக்காது. மணமான பெண் தன் பழைய குடும்பப் பெயருக்குத் திரும்பக் கணவரின் ஆட்சேபனையின்மைக் கடிதமோ விவாகரத்துத் தீர்ப்போ வேண்டும் என்ற மத்திய அரசின் நிபந்தனை 2024இல் டெல்லி உயர் நீதிமன்றத்தில் கேள்விக்குள்ளானது. தன் பெயரைத் தானே திரும்பப் பெற இன்னொருவர் கையெழுத்து தேவை என்பது அநியாயம். அந்த அநியாயம் இருக்கும்வரை அதையும் கணக்கில் எடுத்துத்தான் முடிவு செய்ய வேண்டியிருக்கிறது.

ஆகவே எங்கள் பரிந்துரை இது. சொந்தமாக விருப்பம் இல்லாமல், ‘எல்லோரும் மாற்றுகிறார்கள்’ என்பதற்காக மாற்றப் போகிறீர்கள் என்றால் வேண்டாம்; தந்தை பெயரையோ நீங்கள் தேர்ந்த வேறு பெயரையோ விரித்து, எல்லா அட்டையிலும் ஒன்றாக்கிக்கொள்ளுங்கள். கணவர் பெயர் வேண்டும் என்ற விருப்பம் உங்களுடையது, பெயரின் பின்பகுதி மட்டும் மாறுகிறது, ஆதாரில் இரண்டு வாய்ப்பும் மீதி இருக்கிறது என்றால் திருமணச் சான்று போதும். முன்பெயரும் மாறுகிறது, ஸ்பெல்லிங் மாறுகிறது, ஆதார் வாய்ப்பு தீர்ந்துவிட்டது, அல்லது வெளிநாட்டில் படிப்புச் சான்றுகளைக் காட்டும் வேலை இருக்கிறது என்றால் அரசிதழ், அதுவும் ஆங்கிலத்தில். எந்த வழியானாலும் பழைய பெயரில் இருக்கும் ஒரு அடையாள அட்டையின் நகலையாவது, மாற்றும் முன்பே ஸ்கேன் செய்து வைத்துக்கொள்ளுங்கள். புது அட்டைகள் வந்த பிறகு அதைத்தான் எல்லா இடத்திலும் கேட்பார்கள்.